டிராக்டர் கியர்ப் பெட்டிக்கு உகந்த எண்ணெயைத் தெரிந்தெடுத்தல்

டிராக்டர் வைத்திருக்கும் விவசாயிகளில் எஞ்சின் எண்ணெயைப் பற்றி அறியாதவர் இலர். குறித்த மணி நேரம் ஓடியதும் அதை மாற்றவேண்டும் என்பதும், அதன் அளவு குறைந்தால் எஞ்சினுக்குக் கேடு விளையும் என்பதும் யாவரும் உணர்ந்தவையே. ஆனால், ஓட்டுபவரின் இருக்கைக்குக் கீழே, கியர்ப் பெட்டி முதல் பின் அச்சு வரையில் நிரம்பியிருக்கும் மற்றோர் எண்ணெயின்பால் அவ்வளவு கவனம் செலுத்தப்படுவதில்லை. எஞ்சினுக்கு வேண்டிய எண்ணெய் சாதாரணமாக 6 முதல் 12 லிட்டர் வரையிலேதான். பின்பெட்டிக்கோ, டிராக்டரின் அளவுக்கேற்ப 30 முதல் 60 லிட்டர் வரையில் வேண்டியிருக்கிறது. அளவு மிகுதியாய் இருப்பதனாலேயே விலை குறைந்த எண்ணெயை நாடும் எண்ணமும் இங்கேதான் எழுகிறது. கடைக்காரர் எடுத்துக் கொடுப்பதையோ, அயலார் ஊற்றியதையோ, முன் மிச்சமிருந்ததையோ ஊற்றிவிடும் வழக்கம் பல கிராமங்களில் உண்டு.

இவ்வழக்கத்தால் விளையும் நஷ்டம் உடனே வெளிப்படுவதில்லை. ஓராண்டோ இரண்டாண்டோ கழித்து, லிப்ட் ஏர் தூக்க மறுக்கும், பிரேக் முனகும், கியர் விழாது. அப்பொழுது டிராக்டரை நடுவில் இரண்டாகப் பிரித்தாலன்றிப் பழுது பார்க்க இயலாது. சேற்றுழவுப் பருவத்தில் அவ்வாறு நேர்ந்தால், பழுது பார்க்கும் செலவைக் காட்டிலும் பருவம் தப்பும் நஷ்டமே பெரிதாகும். நெல்மூட்டையோ கரும்போ ஏற்றிய டிரெய்லருடன் சாலையில் இறக்கத்தில் வரும்போது பிரேக் பிடிக்காமற் போனால் நேரும் கேட்டைப் பணத்தால் அளவிடுவதற்கில்லை. ஆகையால், இவ்வெண்ணெய் என்னென்ன வேலை செய்கிறது, அதை எவ்வாறு தெரிந்தெடுப்பது என்பவை இங்கே விளக்கப்படுகின்றன.

எண்ணெய் செய்யும் வேலைகள்

பழங்காலத்து யந்திரங்களில் கியர்ப் பெட்டிக்கு ஓர் எண்ணெய், லிப்டுக்கு ஓர் எண்ணெய் எனத் தனித்தனியே இருந்தன. ஹாரி பெர்குசன் என்பார் டிராக்டரிலேயே நீரியல் லிப்டை அமைத்து, 1936ஆம் ஆண்டில் அத்தகைய டிராக்டர்களை விற்பனைக்குக் கொண்டுவந்தார். அதன்பின், கியர்ப் பெட்டியும் பின் அச்சும் லிப்டும் ஒரே எண்ணெயைப் பகிர்ந்துகொள்ளும் அமைப்பு உலகெங்கும் பரவிற்று. சென்னையில் 1960ஆம் ஆண்டில் தொடங்கப்பெற்ற டாபே கம்பெனி அந்த மாஸே பெர்குசன் மரபைச் சேர்ந்த டிராக்டர்களையே நம் நாட்டில் செய்யத் தொடங்கியது. இன்று நம் வயல்களில் ஓடும் டிராக்டர்களில் மிகப் பெரும்பான்மையானவை இவ்வமைப்பை உடையனவே.

ஆகவே, ஒரே எண்ணெய் பின்வரும் வேலைகளை ஒருங்கே செய்ய வேண்டியதாகிறது:

1. பல்சக்கரங்கள் ஒன்றையொன்று பேரழுத்தத்துடன் தள்ளும் இடத்தில் அவற்றினிடையே படலமாக நின்று, தேய்வைத் தடுத்தல்.

2. பம்பினால் உந்தப்பட்டு, லிப்டைத் தூக்குதல். டிப்பர் டிரெய்லர், மீட்சிக் கலப்பை முதலிய கருவிகளை இயக்குதல்.

3. எண்ணெயில் மூழ்கிய பிரேக் தட்டுகளைக் குளிர்வித்து, அவை தக்க அளவில் பற்றுமாறு செய்தல். சில மாதிரிகளில் பி.டி.ஓ. கிளச்சுத் தட்டுகளும் இதே எண்ணெயில் மூழ்கியிருக்கின்றன.

4. உஷ்ணத்தைப் பரப்பி வெளியேற்றுதல்.

5. துருவைத் தடுத்தல், ரப்பர் முத்திரைகள் சுருங்காமலும் ஊதாமலும் காத்தல்.

இவற்றுள் முதல் வேலைக்குக் கனமான எண்ணெய் நலம். இரண்டாவதற்கு இலகுவாய் ஓடும் எண்ணெய் நலம். மூன்றாவது வேலையோ, வேறு எந்த எண்ணெய்க்கும் இல்லாத ஒரு நிபந்தனையை விதிக்கிறது. அதுவே இவ்விஷயத்தின் சாரமாதலால் அதைச் சற்று விரிவாகக் கூறுதல் தகும்.

உராய்வு எவ்வளவு வேண்டும்?

மாட்டு வண்டியின் அச்சுக்கு வண்டி மை இடுவது வழக்கம். சக்கரம் தடையின்றிச் சுழல அது வேண்டும். ஆனால், இறக்கத்தில் சக்கரத்தின் பட்டையை அழுத்தி நிறுத்தும் தடைக்கட்டைக்கு ஒருவரும் மை இடுவதில்லை. இட்டால் கட்டை வழுக்கும், வண்டி நில்லாது. அச்சுக்கு வழுக்கல் வேண்டும். கட்டைக்குப் பற்று வேண்டும். வண்டியில் இவ்விரண்டும் வெவ்வேறிடத்தில் இருப்பதால் சிக்கல் எழுவதில்லை.

எண்ணெய்ப் பிரேக் உள்ள டிராக்டரிலோ அச்சும் தடைக்கட்டையும் ஒரே பானையில் மூழ்கியிருக்கின்றன என்று சொல்லலாம். பல்சக்கரங்களை வழுக்கச் செய்யும் அதே எண்ணெய், பிரேக் தட்டுகளைப் பற்றவும் விட வேண்டும். அளவுக்கு மீறி வழுக்கும் எண்ணெயானால் தட்டுகள் நெடுநேரம் சறுக்கி, சூடேறி, அவற்றின்மேல் ஒட்டியுள்ள உராய்வுப் பொருள் கருகிவிடும். போதிய வழுக்கல் இல்லாத எண்ணெயானால் தட்டுகள் வெடுக்கெனப் பிடித்து விட்டு, பிடித்து விட்டு, முனகலும் அதிர்வும் உண்டாகும். பிரேக் மிதிக்கும்போது பின் அச்சிலிருந்து எழும் ஓலம் இதனாலேயே பெரும்பாலும் உண்டாகிறது. இவ்விரண்டு எல்லைகளுக்கும் நடுவே எண்ணெயை நிறுத்துவதற்காக, ‘உராய்வு திருத்தி’ எனத் தக்க சில பொருள்களை மிகச் சிறிய அளவில் சேர்க்கிறார்கள். அவற்றின் வகையும் அளவும், தட்டு எந்தப் பொருளால் ஆனது என்பதைப் பொறுத்து, கம்பெனிக்குக் கம்பெனி வேறுபடுகின்றன.

இதைக் கண்ணால் பார்த்தோ, விரலால் தேய்த்தோ, மணத்தாலோ அறிய முடியாது. பொன் நிறமாய், வழவழப்பாய், ஒரே தடிப்பாய் இருக்கும் இரண்டு எண்ணெய்களில் ஒன்று பிரேக்கைக் காப்பதாகவும் மற்றொன்று அழிப்பதாகவும் இருக்கலாம். எண்ணெயை அதன் தரக் குறியைக் கொண்டே தெரிந்தெடுக்க வேண்டும் என்று வற்புறுத்துவதன் காரணம் இதுவே.

கடைகளில் கிடைக்கும் வகைகள்

கிராமத்துக் கடைகளிலும் நகரத்துக் கடைகளிலும் கிடைக்கும் எண்ணெய்களைப் பின்வருமாறு வகுக்கலாம்.

கியர் எண்ணெய்: ‘90 ஆயில்’ என வழங்குவது இதுவே. இதில் பேரழுத்தத்தைத் தாங்கக் கந்தகமும் பாஸ்பரமும் அடங்கிய பொருள்கள் சேர்க்கப்படுகின்றன. இதன் தரத்தை ஜி.எல்.-4, ஜி.எல்.-5 எனக் குறிப்பர். எண் உயர்ந்தது என்பதால் ஜி.எல்.-5 எங்கும் மேலானது என எண்ணுதல் தவறு. இதில் பேரழுத்தப் பொருள்கள் ஏறக்குறைய இரட்டிப்பாக உள்ளன. சிலவகைக் கார், லாரிகளின் பின் அச்சிலுள்ள பல்சக்கரங்களுக்கு இது வேண்டும். ஆனால் கியர்ப் பெட்டியினுள் இருக்கும் பித்தளை, வெண்கல உறுப்புகளை உஷ்ணத்தில் அரிக்கவும் கூடும். எண்ணெய்ப் பிரேக் இல்லாத, உலர்ந்த பிரேக் உள்ள சில பழைய மாதிரிகளுக்கு ‘90 ஆயில்’ விதிக்கப்பட்டிருப்பதுண்டு. எண்ணெய்ப் பிரேக் உள்ள டிராக்டருக்கு, கைப்புத்தகம் விதித்தாலன்றி, இதை ஊற்றலாகாது.

டிராக்டர்ப் பொது எண்ணெய்: யு.டி.டி.ஓ. எனச் சுருக்கமாகக் குறிக்கப்படும் இதனைக் கடைகளில் ‘டிரான்ஸ்மிஷன் ஆயில்’ என்றும் ‘வெட் பிரேக் ஆயில்’ என்றும் கேட்டு வாங்குவர். மேற்கூறிய ஐந்து வேலைகளையும் செய்யுமாறு அமைக்கப்பட்டது இதுவே. ஆனால் எஞ்சினில் எரியும் டீசலின் கரியையும் அமிலத்தையும் தாங்கும் பொருள்கள் இதில் போதிய அளவில் இல்லை. ஆகையால் இதை எஞ்சினில் ஊற்றக் கூடாது.

எஞ்சினுக்கும் பின்பெட்டிக்கும் ஒருங்கே ஆகும் எண்ணெய்: எஸ்.டி.ஓ.யு. என்னும் குறியுடையது. பல யந்திரங்கள் உள்ள பண்ணைகளில் ஒரே பீப்பாயை வைத்துக்கொள்ளும் வசதிக்காக ஏற்பட்டது. கம்பெனி அனுமதித்துள்ள மாதிரிகளுக்கு மட்டுமே இது பொருந்தும்.

தானியங்கிக் கியர் எண்ணெய்: ஏ.டி.எப். எனப்படும். பெரும்பாலும் சிவப்பு நிறமுடையது. கிளச்சு மிதியின்றித் தானே கியர் மாற்றிக்கொள்ளும் கார்களுக்கென அமைந்தது. சில டிராக்டர்களின் பவர் ஸ்டியரிங் தொட்டிக்கும் இது விதிக்கப்படுகிறது. வேறு சில மாதிரிகளில் அத்தொட்டிக்கும் பின்பெட்டியின் எண்ணெயே விதிக்கப்படுகிறது. இதனை மாற்றிப் புரிந்துகொண்டு, பவர் ஸ்டியரிங்கின் சிவப்பு எண்ணெயைப் பின்பெட்டியில் விட்டால், அது பல்சக்கரங்களுக்குப் போதிய கனமுடையதாக இராது.

பிரேக் திரவம்: டிராக்டரிலோ காரிலோ பிரேக் மிதியோடு இணைந்த சிறு தொட்டியில் இருப்பது எப்பொழுதும் ஒரே வகையன்று. கார்களில் அது தாதுவெண்ணெய் அன்று. வேறொரு ரசாயனத் திரவம். அதில் தாதுவெண்ணெய் சிறிது கலந்தாலும் ரப்பர் முத்திரைகள் ஊதிப் பிரேக் முழுவதும் கெடும். தாதுவெண்ணெய்க்கென அமைந்த தொட்டியில் அத்திரவத்தை விடுதலும் அவ்வாறே கேடு தரும். மூடியின்மேல் பொறித்திருப்பதைப் படிக்காமல் எதையும் ஊற்றலாகாது.

எண்களின் பொருள்

டப்பாவின்மேல் காணும் எண்களைப் பற்றி ஒரு மயக்கம் பரவியிருக்கிறது. எஞ்சினுக்கு 40, கியருக்கு 90; ஆகையால் கியர் எண்ணெய் இரண்டு பங்குக்கு மேல் தடிப்பானது என்பர். இது சரியன்று. எஞ்சின் எண்ணெய்க்கு ஓர் அளவுகோலும் கியர் எண்ணெய்க்கு வேறோர் அளவுகோலும் வைக்கப்பட்டிருக்கின்றன. முழமும் அடியும் வேறு வேறாயிருப்பது போலவே இவையும். 100 டிகிரி சென்டிகிரேடு உஷ்ணத்தில், 40 எண்ணுள்ள எஞ்சின் எண்ணெயின் பாகுத்தன்மை 12.5 முதல் 16.3 சென்டிஸ்டோக், 90 எண்ணுள்ள கியர் எண்ணெயின் பாகுத்தன்மை 13.5 முதல் 18.5 சென்டிஸ்டோக். இரண்டும் ஏறக்குறைய ஒரே தடிப்புடையனவே.

டிராக்டர்ப் பொது எண்ணெயோ இவற்றினும் மெல்லியது. ஜான் டீர் கம்பெனியின் ஜே20சி என்னும் தரத்திற்கு அதே உஷ்ணத்தில் குறைந்தது 9.1 சென்டிஸ்டோக் போதும். தானியங்கிக் கார்களுக்கான டெக்ஸ்ரான்-VI என்னும் எண்ணெய் 6.4 சென்டிஸ்டோக்குக்கு மிகலாகாது. ‘தடித்த எண்ணெயே உழைக்கும்’ என்னும் நம்பிக்கையால், மெல்லிய எண்ணெய் விதிக்கப்பட்ட இடத்தில் தடித்ததை ஊற்றுவோர் உளர். விடியற்காலையில் டிராக்டரைக் கிளப்பியதும் அவ்வெண்ணெய் வடிகட்டியின் வழியே பம்புக்கு விரைந்து வந்து சேர்வதில்லை. பம்பு வெறுமையாய்ச் சுழன்று கீச்சிடும். லிப்ட் மெதுவாக எழும். நாளடைவில் பம்பு தேய்ந்துபோம்.

தரக் குறிகளைப் படித்தல்

எண்ணெயின் உண்மையான அடையாளம் அதன் வியாபாரப் பெயரன்று. டப்பாவின் பின்புறத்தில் சிறிய எழுத்தில் அச்சிட்டிருக்கும் தரக் குறியேயாம். டிராக்டர் செய்யும் ஒவ்வொரு பெரிய கம்பெனியும், தன் பிரேக் தட்டுகளிலும் பம்புகளிலும் எண்ணெயைச் சோதித்து, ஒரு குறியை வழங்கியிருக்கிறது. மேலே சொன்ன ஜே20சி, ஜான் டீர் கம்பெனியினுடையது. மாஸே பெர்குசன் கம்பெனியின் குறிகள் எம்1135, எம்1141, எம்1145 முதலியவை. போர்டு கம்பெனியின் குறி எம்2சி134-டி. நம் நாட்டுக் கம்பெனிகள் தங்கள் பெயரிலேயே எண்ணெயைக் கட்டி விற்பதும் உண்டு. அப்பொழுதும், அதற்கீடாக எந்தத் தரம் ஏற்கப்படும் என்பதைக் கைப்புத்தகத்தில் பார்த்துக்கொள்ளலாம்.

டப்பாவிலுள்ள சொற்களையும் நுணுகிப் படித்தல் வேண்டும். ‘இக்கம்பெனியால் அங்கீகரிக்கப்பட்டது’ என்பது ஒன்று; ‘இத்தரத்தை நிறைவு செய்கிறது’ என்பது மற்றொன்று; ‘இத்தரம் வேண்டப்படும் இடங்களில் உபயோகிக்கலாம்’ என்பது வேறொன்று. முதலாவது டிராக்டர்க் கம்பெனியின் வாக்கு. இரண்டாவது எண்ணெய்க் கம்பெனியின் வாக்கு. மூன்றாவதோ, எவருடைய பொறுப்பையும் ஏற்காத வாக்கு. தரக் குறி ஒன்றுமே இல்லாமல், ‘எல்லா டிராக்டர்களுக்கும் ஏற்றது’ என்று மட்டும் எழுதியிருக்கும் எண்ணெயை வாங்காதிருத்தலே நலம்.

அமெரிக்காவில் நேர்ந்தது

பழைய பெயரை நம்பி எண்ணெய் வாங்குவதால் விளையும் கேட்டுக்கு அமெரிக்க விவசாயிகளின் அநுபவம் தக்க சான்றாகும். 1960களில் ஜான் டீர் கம்பெனியின் டிராக்டர்களுக்கு ‘303’ என்னும் எண்ணெய் வழங்கி வந்தது. அது நல்ல எண்ணெயே. உராய்வைத் திருத்துவதற்காக, எண்ணெய்த் திமிங்கிலத்திலிருந்து எடுத்த எண்ணெய் அதில் சேர்க்கப்பட்டிருந்தது. 1970ஆம் ஆண்டில் அமெரிக்க அரசாங்கம் அத்திமிங்கிலத்தை அருகிவரும் பிராணிகளின் பட்டியலில் சேர்த்தது. பின்னர் அவ்வெண்ணெய் கிடைப்பதற்கில்லாமற் போகவே, ‘303’ என்னும் தரமும் அப்பத்தாண்டிலேயே கைவிடப்பட்டது. கம்பெனி வேறு பொருள்களைக் கொண்டு புதிய தரங்களை ஏற்படுத்தியது.

தரம் மறைந்தது, பெயர் மறையவில்லை. விவசாயிகளின் மனத்தில் ‘303’ நல்ல பெயராகவே பதிந்திருந்தது. அதை அறிந்த சிலர், அப்பெயரையே மஞ்சள் வாளிகளில் அச்சிட்டு, மலிவான எண்ணெயைப் பல்லாண்டுகள் விற்றனர். அந்த எண்ணுக்குரிய தரத்தைக் காப்பவர் எவரும் இன்மையால், வாளிக்குள் எதை ஊற்றினாலும் அது ‘303’ ஆயிற்று. மிசௌரி மாகாண விவசாய இலாகா அவ்வெண்ணெய்களைச் சோதித்து, அவை டிராக்டருக்குத் தீங்கு செய்யக் கூடியவை எனக் கண்டு, அப்பெயருடன் விற்பதை 2017ஆம் ஆண்டில் தடுத்தது. தரம் ஒழிந்து ஏறக்குறைய நாற்பதாண்டுகள் கழிந்த பின்னரே இது நடந்தது. அதற்குள் எத்தனை விவசாயிகள் விலை மலிவு என்று அதை வாங்கி ஊற்றியிருப்பர் என்பது எண்ணிப் பார்க்கத் தக்கது.

மோட்டார் கார் வைத்திருப்பவர்களுக்கு

மிராசுதார்கள் பலர் டிராக்டரோடு காரும் வைத்திருப்பதாலும், இரண்டுக்கும் ஒரே கொட்டகையில் எண்ணெய் வைக்கப்படுவதாலும், காரைக் குறித்தும் சில வார்த்தை கூறுதல் வேண்டும்.

தானே கியர் மாற்றும் காரில் பல கிளச்சுத் தட்டுகள் எண்ணெயில் மூழ்கிக் கிடக்கின்றன. டிராக்டரின் எண்ணெய்ப் பிரேக்குக்குச் சொன்ன நியாயம் இதற்கும் அப்படியே பொருந்தும். அமெரிக்காவில் ஜெனரல் மோட்டார்ஸ் கம்பெனி 1967ஆம் ஆண்டில் ‘டெக்ஸ்ரான்’ என்னும் எண்ணெயை வெளியிட்டது. அதே காலத்தில் போர்டு கம்பெனி ‘டைப் எப்’ என்பதை விதித்திருந்தது. முன்னதில் உராய்வு திருத்தி உண்டு, பின்னதில் இல்லை. இரண்டும் சிவப்பு, இரண்டும் மெல்லியவை, ஆனால் குணத்தால் ஒன்றுக்கொன்று மாறானவை. எஞ்சின் எண்ணெயிலிருந்து கசிவை எளிதில் பிரித்தறிவதற்காகவே சிவப்புச் சாயம் சேர்க்கப்படுகிறது. சாயத்துக்கும் தரத்துக்கும் யாதொரு சம்பந்தமும் இல்லை.

2005ஆம் ஆண்டில் டெக்ஸ்ரான்-VI வந்தது. அக்கம்பெனியின் விதிப்படி, முந்திய டெக்ஸ்ரான்-III வேண்டிய இடத்தில் இதை உபயோகிக்கலாம். இது வேண்டிய இடத்தில் முந்தியதை உபயோகிக்கலாகாது. டெக்ஸ்ரான்-IIIக்கு அக்கம்பெனி அளித்துவந்த உரிமங்கள் 2006ஆம் ஆண்டு முடிவோடு தீர்ந்துவிட்டன. ஆதலால், இன்று டப்பாவில் அப்பெயர் காணப்பட்டால், அது எண்ணெய்க் கம்பெனியின் வாக்கே அன்றிக் கார்க் கம்பெனியின் வாக்கன்று.

கிளச்சு மிதி இல்லாத கார்கள் யாவும் ஒரே இனத்தவை அல்ல என்பதும் கவனிக்கத் தக்கது. நம் நாட்டில் 2014ஆம் ஆண்டில் செலெரியோ என்னும் காரோடு பரவத் தொடங்கிய ஏ.எம்.டி. முறையில், சாதாரணக் கியர்ப் பெட்டியையே ஒரு கருவி ஓட்டுபவருக்குப் பதிலாக மாற்றுகிறது. அதன் கியர்ப் பெட்டிக்கு வேண்டுவது சாதாரணக் கியர் எண்ணெயே. சிவப்பு எண்ணெய் அன்று. சி.வி.டி. என்னும் முறையில் எஃகுப் பட்டை ஒன்று கூம்பு வடிவான உருளைகளைப் பற்றிச் செல்கிறது. இரும்பும் இரும்பும் வழுக்காமல் பற்ற வேண்டியிருப்பதால், அதற்கென்றே தனி எண்ணெய் உண்டு. ஒன்றினுடையதை மற்றொன்றில் ஊற்றினால் பெட்டியையே மாற்ற நேரிடும். டிராக்டர் எண்ணெயைக் காரிலும், காரின் எண்ணெயை டிராக்டரிலும் விடுதல் அறவே கூடாது.

தெரிந்தெடுக்கும் முறை

மேற்கூறியவற்றைத் திரட்டிப் பின்வரும் விதிகளாகக் கொள்ளலாம்:

1. முதலில் கைப்புத்தகத்தைப் பார்க்க வேண்டும். அது தொலைந்திருந்தால், டிராக்டரின் மாதிரிப் பெயரையும் வருஷத்தையும் சொல்லிக் கம்பெனியின் விற்பனையாளரிடம் எழுத்து மூலமாய்த் தெரிந்துகொள்ள வேண்டும்.

2. டிராக்டரில் இருப்பது எண்ணெய்ப் பிரேக்கா, உலர்ந்த பிரேக்கா என்பதை உறுதி செய்துகொள்ள வேண்டும். பழைய டிராக்டரை வாங்குவோர் இதை மறக்கலாகாது.

3. தரக் குறி, பாகுத்தன்மை எண் ஆகிய இரண்டும் ஒத்திருக்க வேண்டும். ஒன்று மட்டும் ஒத்திருத்தல் போதாது.

4. குறிகள் ஒத்திருக்குமானால், கம்பெனியின் பெயருள்ள எண்ணெயையே வாங்கவேண்டும் என்பதில்லை. ஆனால் உத்தரவாதக் காலம் முடியாத டிராக்டருக்கு அதன் நிபந்தனைகளைப் பார்த்தே செய்ய வேண்டும்.

5. முத்திரை உடையாத டப்பாவையே வாங்க வேண்டும். ரசீதும் பெற வேண்டும். பீப்பாயிலிருந்து அளந்து ஊற்றும் எண்ணெய் எதுவென அறிய வழியில்லை.

6. உள்ளே இருப்பது எவ்வகை என்று தெரியாதபோது, அதன்மேல் வேறொன்றைக் கலவாமல், முழுவதையும் வடித்துவிட்டுப் புதியதை நிரப்புதல் நலம்.

மாற்றும் முறையும் நீர்க் கலப்பும்

நல்ல எண்ணெயும் நீர் கலந்தால் கெடும். நம் நன்செய் நிலங்களில் கேஜ் வீல் பூட்டிச் சேற்றில் உழும்போது பின் அச்சு நெடுநேரம் சேற்றுநீரில் நனைகிறது. தேய்ந்த முத்திரைகளின் வழியாகவும், மூச்சுத் துவாரத்தின் வழியாகவும் நீர் உட்புகும். சூடேறிய பெட்டியைக் குளிர்ந்த நீரில் நிறுத்தினால், உள்ளேயுள்ள காற்றுச் சுருங்கி நீரை உள்ளிழுக்கவும் கூடும். அளவுகோலில் எண்ணெய் மோர்போல் வெளுத்துக் காணப்பட்டால் நீர் கலந்துவிட்டது என்பது திண்ணம். ஐயம் தோன்றினால், சிறிது எண்ணெயைக் கண்ணாடிப் புட்டியில் எடுத்து ஓரிரவு அசையாமல் வைத்தால், பெரும்பாலும் நீர் அடியில் தங்கும். காய்ந்த இரும்புத் தகட்டில், சற்று விலகி நின்று ஒரு துளி விட்டால், நீர் கலந்த எண்ணெய் படபடவெனப் பொரியும். அத்தகைய எண்ணெயை மணிக்கணக்குப் பாராமல் உடனே மாற்ற வேண்டும். முத்திரையைப் பழுது பாராமல் எண்ணெயை மட்டும் மாற்றுதல் ஓட்டைப் பானையில் நீர் இறைப்பதற்கு ஒப்பாகும்.

அளவு பார்க்கும்போது டிராக்டரைச் சமதளத்தில் நிறுத்தி, லிப்டைக் கீழே இறக்கி, எஞ்சினையும் நிறுத்திய பின்னரே பார்க்க வேண்டும். லிப்ட் தூக்கியிருக்கும்போது எண்ணெயில் ஒரு பகுதி அதனுள் நிற்பதால், அளவு குறைந்ததாகத் தோன்றும்.

புது டிராக்டரில் பல்சக்கரங்கள் ஒன்றோடொன்று பழகும்போது உலோகத் துகள்கள் உதிர்கின்றன. ஆகையால் முதல் தவணையை ஒருபோதும் தள்ளிப்போடலாகாது. பின்னர் அனேக மாதிரிகளுக்கு 1000 மணியை ஒட்டிய தவணை விதிக்கப்படுகிறது. ஆயினும் அந்தந்தக் கைப்புத்தகமே பிரமாணம். டிராக்டரைச் சிறிது ஓட்டி, எண்ணெய் வெதுவெதுப்பாய் இருக்கும்போது வடிக்க வேண்டும். வடிகட்டியையும் அப்பொழுதே சுத்தம் செய்யவோ மாற்றவோ வேண்டும். மண்ணெண்ணெயோ டீசலோ ஊற்றிப் பெட்டியைக் கழுவுவதைச் சிலர் நல்லதென எண்ணுகின்றனர். அவை மூலைகளில் தங்கிப் புது எண்ணெயை நீர்க்கச் செய்யுமாதலால் அது தகாது.

மற்றொரு வழியாகவும் எண்ணெய் கலந்துபோகிறது. டிப்பர் டிரெய்லரையும் மீட்சிக் கலப்பையையும் இரவலாகவோ வாடகையாகவோ கொண்டுவந்து பூட்டும்போது, அவற்றின் உருளைக்குள் தங்கியிருக்கும் எண்ணெய் நம் டிராக்டருக்குள் வந்து சேர்கிறது. அதனோடு அழுக்கும் வருகிறது. குழாயின் முனையைத் துடைத்துப் பூட்டுவதோடு, அக்கருவி எந்த எண்ணெயில் ஓடிற்று என்பதையும் கேட்டறிதல் வேண்டும்.

கிராம அதிகாரிகளும் சங்கங்களும் கவனிக்க வேண்டியவை

தொடக்க வேளாண்மைக் கூட்டுறவுக் கடன் சங்கங்கள் பலவற்றில் டிராக்டர்கள் வாடகைக்கு விடப்படுகின்றன. ஒரு டிராக்டரைப் பலர் ஓட்டும் இடத்தில், இன்ன எண்ணெய் ஊற்றப்பட்டது என்பது ஒருவருக்கும் தெரியாமற் போவது இயல்பு. ஆகையால் ஒவ்வொரு டிராக்டருக்கும் ஒரு பதிவேடு வைத்தல் அவசியம். அதில் மாற்றிய தேதி, மணிமானியின் எண், எண்ணெயின் பெயர், தரக் குறி, அளவு, ரசீது எண் ஆகியவை எழுதப்பெற வேண்டும். எண்ணெய் ஊற்றும் வாயின் அருகிலேயே தரக் குறியை வண்ணத்தால் எழுதி வைத்தால், படித்த ஓட்டுநர் எவரும் தவறு செய்யமாட்டார். கொள்முதலுக்கு விலைப்புள்ளி கேட்கும்போது, ‘டிரான்ஸ்மிஷன் எண்ணெய்’ என்று மட்டும் எழுதாமல் தரக் குறியையும் குறித்துக் கேட்க வேண்டும். அவ்வாறு குறிப்பிடாவிடில், மிகக் குறைந்த விலைக்குத் தருபவரின் எண்ணெயை, அது பொருந்தாததாயினும், ஏற்க நேரிடும்.

வடித்த பழைய எண்ணெயை வாய்க்காலிலோ கிணற்றோரத்திலோ கொட்டுதல் பெருந்தீங்கு. 2016ஆம் ஆண்டின் மத்திய அரசாங்க விதிகளின்படி அது அபாயகரமான கழிவுப் பொருளாகக் கருதப்படுகிறது. மூடியுள்ள தகரத்தில் சேர்த்து வைத்து, அங்கீகாரம் பெற்ற மறுசுத்திகரிப்பாளருக்கே கொடுக்க வேண்டும். பழைய எண்ணெயை விலைக்கு வாங்கித் திரிபவர்களிடம் கொடுத்தால், அது வடிகட்டப்பட்டுப் புது டப்பாவில் அடைக்கப்பட்டு, அதே ஊர்க் கடைக்குத் திரும்பி வரவும் கூடும். காலி டப்பாக்களையும் துளையிட்ட பிறகே வெளியே கொடுத்தல் நலம்.

கியர்ப் பெட்டியின் எண்ணெயைத் தெரிந்தெடுக்க வேண்டியது நிறத்தாலன்று, தடிப்பாலன்று, பழைய பெயராலுமன்று. கைப்புத்தகம் கூறும் தரக் குறியாலேயே. டப்பாவின் பின்புறத்தைப் படிப்பதற்குக் கால் நாழிகையும் ஆகாது. அடுத்த பருவத்தின் உழவு தொடங்குமுன், டிராக்டர் உடையோர் யாவரும் தங்கள் டிராக்டருக்கு விதிக்கப்பட்ட தரக் குறியைக் கண்டறிந்து எழுதி வைத்துக்கொள்வார்களாக.